சரித்திரக் கதையும் சாஸனமும்

தேச காரியங்களில் ஈடுபட்டோர் சிலர் சரித்திர நவீனங்களைக் கண்டால் முகஞ் சுளிக்கின்றனர். நாட்டில் செய்ய வேண்டிய வேலை மலைபோற் குவிந்து கிடக்க, குதிரையேறிய வீரனும் பல்லக்கிலேறிய இளவரசியும் ஆயிரம் வருஷங்களுக்கு முன் என்ன பேசிக்கொண்டார்கள் என்று விசாரித்துக்கொண்டிருப்பது சோம்பேறிகளின் தொழில் என்பது அவர்கள் கக்ஷி. வேறு சிலரோ அக்கதைகளில் கண்டதெல்லாம் நடந்தது நடந்தபடியே என்று நம்பி, மேடைகளிலே அவற்றைப் பிரமாணமாக எடுத்துக் காட்டுகின்றனர். இக்கதைகள் ஜனங்களின் மனத்தை ஏன் இவ்வளவு தூரம் கவர்ந்திருக்கின்றன என்பதை இவ்விரு சாராருமே ஆராய்ந்தாரில்லை.

ஒரு விசித்திரத்தை முதலில் கவனிப்போம். ஸ்ரீ 'கல்கி' ரா. கிருஷ்ணமூர்த்தி தேச விடுதலைக்காக மும்முறை சிறை புகுந்தவர். தம் கண்முன்னே நடந்த விடுதலைப் போரையும், பிரிவினைக் காலத்துக் கொடுமைகளையும் பொருளாக வைத்து 'அலை ஓசை' என்னும் நவீனத்தை அவர் எழுதினார். தம் நூல்களில் நிலைத்து நிற்கத் தக்கது ஏதேனும் உண்டென்றால் அது இதுவே என்று அவரே கருதினார். 1954-இல் அவர் காலஞ் சென்ற பின், 1956-இல் சாகித்ய அகாதெமியின் பரிசும் அதற்கே கிடைத்தது. ஆனால் ஜனங்கள் அளித்த தீர்ப்பு வேறு. வாராவாரம் பத்திரிகையிலிருந்து கிழித்துச் சேர்த்துப் பைண்டு செய்து, பெட்டியில் வைத்துப் பூட்டி, பெண்மக்களுக்குச் சீர்வரிசை போலக் கொடுத்தனுப்பியது 'பொன்னியின் செல்வ'னையேயன்றி 'அலை ஓசை'யை அன்று. ஆசிரியரும் அகாதெமியும் ஒரு பக்கம். தமிழ்நாட்டு வாசகர் ஒரு பக்கம்!

இதற்குக் காரணம் வாசகரின் அற்பத்தனம் என்று கூறிவிடுவது எளிது. ஆனால் அது நியாயமன்று. நம் காலத்து நிகழ்ச்சியைக் கூறும் கதையிலே வாசகனும் ஒரு கக்ஷிக்காரன். அவனுடைய தகப்பனார் அந்த மறியலில் நின்றிருப்பார், அல்லது நில்லாதிருந்து பின்னர் வெட்கியிருப்பார். அவனுடைய ஜாதியும் கக்ஷியும் கதைக்குள்ளே நின்று அவன் கையைப் பிடித்திழுக்கும். ஆயிரம் வருஷங்களுக்கு முந்திய வழக்கிலோ அவன் ஜூரியாக உட்கார்ந்து, இரு தரப்பையும் ஆற அமரக் கேட்கிறான். பேராசை, துரோகம், தியாகம் ஆகியவற்றை அவன் தன் பயமின்றிப் பார்க்கக்கூடிய இடம் அது ஒன்றே.

மற்றொரு காரணம் நமது சாஸனங்களின் மௌனம். நம் மன்னர்கள் கல்லிலும் செம்பிலும் எழுதி வைத்தது கொஞ்சமன்று. ஆனால் எழுதியது எவற்றை? நிலத்தின் நாற்பாலெல்லை, இறை நீக்கம், நந்தாவிளக்குக்கு விட்ட சாவா மூவாப் பேராடுகள், சபையார் கையெழுத்து. சர்க்கார் கணக்கு ஒன்றும் தப்பவில்லை. மனிதர்களின் மனம் மட்டும் அகப்படவில்லை. காட்டுமன்னார்கோயிலை அடுத்த உடையார்குடி அனந்தீசுவரர் ஆலயத்துக் கல்வெட்டை எடுத்துக்கொள்வோம். இராஜராஜனுடைய இரண்டாம் ஆட்சியாண்டில் வீரநாராயணச் சதுர்வேதிமங்கலத்துச் சபையாருக்கு அனுப்பிய உத்தரவை அது தெரிவிக்கிறது. அவனுடைய தமையன் ஆதித்த கரிகாலனைக் கொன்ற துரோகிகள் சோமன், ரவிதாசனான பஞ்சவன் பிரம்மாதிராஜன், பரமேசுவரனான இருமுடிச்சோழ பிரம்மாதிராஜன் முதலியோர் என்றும், அவர்களுடைய சொத்துக்களும் சுற்றத்தாருடைய சொத்துக்களும் பறிமுதலாக வேண்டும் என்றும் கண்டிருக்கிறது. வழக்கறிஞர் எவரும் அந்தச் சாஸனத்தைப் படித்தால் திகைத்துப் போவர். குற்றம் இன்னது, குற்றவாளிகள் இன்னார், ஜப்தி இன்ன விதம் என்பன எல்லாம் உள. குற்றத்தின் காரணம் மாத்திரம் இல்லை. ஏவியவர் எவர்? கொலைக்கும் இந்த உத்தரவுக்கும் இடையிலே உத்தம சோழனின் ஆட்சிக்காலம் முழுவதும் கழிந்து போனதற்கு ஹேது என்ன?

பேராசிரியர் நீலகண்ட சாஸ்திரியார் உத்தம சோழன் மீது சந்தேகங் கொண்டார். சதாசிவ பண்டாரத்தார் அதை மறுத்தார். திருவாலங்காட்டுச் செப்பேடு, ஜனங்கள் வேண்டியும் அருள்மொழிவர்மன் தன் சிற்றப்பன் ஆசை கொண்டிருக்கும் வரையில் அரசை ஏற்க மறுத்தான் என்று கூறுகிறது. இவ்வளவே ஆதாரம். இந்த இருட்டறைக்குள்தான் கல்கி விளக்கேந்திப் புகுந்தார். நந்தினி என்றொருத்தியைச் சிருஷ்டித்து, சாஸனத்தில் வெறும் பெயராகக் கிடந்த ரவிதாசனுக்குக் குரலும் கோபமும் கொடுத்தார். எனினும் கடம்பூர் மாளிகையில் விளக்கவிந்த அந்த நேரத்தில் எவர் கையால் கரிகாலன் மாண்டான் என்பதை அவர் திட்டமாகச் சொல்லவில்லை. சாக்ஷியம் போதாத வழக்கிலே தீர்ப்பெழுத மறுத்த நீதிபதியின் நேர்மை அதிலே இருக்கிறது. கதாசிரியர்களுள் இந்த அடக்கம் உடையவர் மிகச் சிலர்.

இனி, ஒவ்வொரு சரித்திரக் கதையும் தான் எழுதப்பட்ட காலத்தின் கேள்வியையே பழங்காலத்தின் வாயிலே வைத்துக் கேட்கிறது என்பதைத் தேசத் தொண்டர்கள் கவனிக்க வேண்டும். 1941-இல் தொடங்கிய 'பார்த்திபன் கனவி'ல் சோழ மன்னன் பல்லவனுக்குக் கப்பங் கட்ட மறுத்து மடிகிறான். பர்தோலியில் 1928-இல் குடியானவர்கள் வரி கொடுக்க மறுத்ததை அறிந்த தலைமுறைக்கு அந்தக் கப்பம் எந்தக் கப்பம் என்று யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. கிளைவ் 1751-இல் ஆற்காட்டைப் பிடித்த பிரதாபத்தையும், கவர்னர் ஜெனரல்களின் வரிசையையும் நெட்டுருப் போட்டுப் பரீக்ஷை கொடுத்த பிள்ளைகளுக்கு, காவேரிக் கரையிலும் அரசுண்டு, கொடியுண்டு, மானமுண்டு என்று கூறிய கதை அது. அடுத்து வந்த 'சிவகாமியின் சபதம்' உலக யுத்தத்தின் நடுவே 1944-இல் தொடங்கியது. வாதாபி எரிகிறது, சபதம் நிறைவேறுகிறது, ஆயினும் சபதஞ் செய்த பெண்ணுக்கு வாழ்வு கிடைக்கவில்லை. வெற்றி முரசு ஒலிக்கும்போதே அதன் விலையையும் சொல்லிவிடுகிறது அந்நூல்.

'பொன்னியின் செல்வன்' தொடங்கியது 1950-இல்; தேசம் குடியரசான வருஷம். இப்பொழுது கப்பங் கட்டும் கவலை இல்லை. அதிகாரம் நம் கைக்கு வந்துவிட்டது. அதை என்ன செய்வது என்பதே கேள்வி. கைக்கெட்டிய மகுடத்தை வேறொருவன் தலையிலே சூட்டும் வாலிபனை ஐந்து பாகங்களின் முடிவிலே கொண்டு வந்து நிறுத்தி, அந்தப் பாகத்துக்குத் 'தியாக சிகரம்' என்றும் பெயரிட்டார் ஆசிரியர். முதற் பொதுத் தேர்தல் நடந்த காலத்தில், உத்தியோகத்துக்கும் பதவிக்கும் முண்டியடித்தவர்களின் வீடுகளிலும் அந்தப் பத்திரிகை வாராவாரம் போய் விழுந்திருக்கும் என்று எண்ணும்போது நமக்குச் சிரிப்பு வருகிறது. கதையென்று ஒதுக்குவோர் இதைச் சற்று யோசிக்கட்டும்.

இவ்வகை நவீனத்தின் அபாயங்களையும் மறைப்பதற்கில்லை. மேல்நாட்டில் இதற்கு மூலபுருஷர் என்று கூறத்தக்க ஸர் வால்ட்டர் ஸ்காட் நம்மைப் போல் சட்டம் பயின்றவர். 1814-இல் 'வேவர்லி'யைப் பெயர் போடாமல் வெளியிட்டு, தோற்றுப்போன மலைநாட்டாரின் வீரத்தை உலகறியச் செய்தார். 1822-இல் நான்காம் ஜார்ஜ் மன்னன் எடின்பரோவுக்கு வந்தபோது வரவேற்பு வைபவங்களை நடத்தும் பொறுப்பும் அவரிடமே வந்தது. அப்பொழுது சமவெளி ஸ்காத்லாந்துக்காரர்களும், அரசனும் சேர்ந்து மலைநாட்டுக் கட்டம்போட்ட உடையை அணிந்து கொண்டார்கள்! சமவெளியாரின் பாட்டன்மார் அந்த உடையை எள்ளி நகையாடியவர்கள். அன்று போட்ட வேஷமே நாளடைவில் அந்த நாடு முழுவதற்கும் தேசிய உடையாகிவிட்டது. கதை சரித்திரத்தின் ஆசனத்தில் ஏறி உட்காருவது இவ்வாறுதான்.

வங்காளத்திலே டிப்டி மாஜிஸ்திரேட்டாக இருந்த பங்கிம் சந்திரர் 1882-இல் 'ஆனந்த மட'த்தை வெளியிட்டார். அதிலே 'வந்தே மாதரம்' இடம் பெற்றது; எத்தனையோ வாலிபர்கள் அம்மந்திரத்தை உச்சரித்துத் தடியடி பட்டனர். ஆயினும் அதே கதையில் முஸல்மான்கள் சித்திரிக்கப்பட்ட விதம் அச்சமூகத்தாரின் மனத்தைப் புண்படுத்திற்று. 1937-இல் காங்கிரஸ் காரியக் கமிட்டி அப்பாட்டின் முதலிரண்டு பகுதிகளை மட்டுமே பொதுக்கூட்டங்களிற் பாடலாம் என்று தீர்மானிக்க நேர்ந்தது. வீரனுக்கு ஒரு பகைவன் வேண்டும் என்பது கதையின் நியதி. அந்தப் பகைவனின் சந்ததியார் என்று கருதப்படுவோர் நம் அடுத்த வீட்டிலே குடியிருக்கின்றனர் என்பது உலகத்தின் நியதி. கி.பி. 642-இல் வாதாபி வீழ்ந்த கதையைப் படித்து மகிழும் தமிழன், அந்த மகிழ்ச்சியைக் காவேரி நீர்ப் பங்கீட்டுப் பேச்சுக்குள் எடுத்துச் செல்வானாயின் அது கல்கியின் குற்றமன்று.

தமிழ்நாட்டிலும் இக்குழப்பம் இல்லாமலில்லை. 'பொன்னியின் செல்வன்' 2022, 2023-ஆம் வருஷங்களில் இரு பாகங்களாகப் படமாகி வந்தது. மூலநூலைத் தொட்டறியாத இளைஞரும் அதைத் தேடி வாங்கினர். சந்தோஷமே. ஆனால் முதற்பாகம் வெளிவந்த சில நாட்களுக்குள்ளாகவே இராஜராஜன் எந்த மதத்தைச் சேர்ந்தவன் என்று மேடைகளிலே சச்சரவு மூண்டது. 1010-ஆம் வருஷத்தையொட்டிக் கட்டி முடித்த தஞ்சைப் பெரிய கோயிலின் சுவர்களில் அவன் தன் வாயால் சொல்லி வெட்டுவித்தவை வரிவரியாக நிற்கின்றன. சச்சரவிட்டவர்களில் எத்தனை பேர் அவற்றில் ஒரு வரியையேனும் படித்தவர்? அவனைத் தத்தம் ஜாதியாருக்கே உரியவன் என்று சுவரொட்டி அடிப்பவர்களைப் பற்றிப் பேசாதிருப்பதே மரியாதை.

இதற்கு மருந்து கதைகளைத் தூஷிப்பதன்று. கதை பசியை உண்டாக்கிவிட்டது; சோறு போடுவாரில்லை. தென்னிந்தியக் கல்வெட்டுக்களின் முதல் தொகுதியை ஹூல்ஷ் என்னும் ஜெர்மானியப் பண்டிதர் 1890-இல் வெளியிட்டார், விளக்கமெல்லாம் இங்கிலீஷில். நீலகண்ட சாஸ்திரியாரின் சோழர் சரித்திரம் 1935-இல் வெளிவந்தது, அதுவும் இங்கிலீஷில். பண்டாரத்தாரின் 'பிற்காலச் சோழர் சரித்திரம்' 1949-இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் வாயிலாகத் தமிழில் வந்தும், பண்டிதர்களின் அலமாரியைத் தாண்டி எவ்வளவு தூரம் சென்றது? ஆக, தமிழ் மட்டுமே அறிந்த குடியானவனும் குமாஸ்தாவும் தங்கள் சோழனைக் கல்கியிடமன்றி வேறு எவரிடம் போய்த் தெரிந்துகொண்டிருக்க முடியும்? கதையைச் சரித்திரமென்று அவர்கள் மயங்கினால், சரித்திரத்தைக் கைக்கெட்டாத உயரத்தில் வைத்தவர்களே பொறுப்பாளிகள்.

தமிழ்நாட்டில் மைப்படி எடுத்த கல்வெட்டுக்கள் ஆயிரக்கணக்கில் நெடுங்காலமாக மைசூரில் கிடந்தன. அவற்றைச் சென்னைக்கு அனுப்ப வேண்டுமென்று சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2021-ஆம் வருஷம் ஆகஸ்டு மாதத்தில் உத்தரவிட்டது. நல்ல உத்தரவு. ஆனால் காகிதம் ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்குப் போவதனால் மட்டும் வாசகனுக்கு என்ன லாபம்? படித்து, பதம் பிரித்து, அருஞ்சொற்களுக்குப் பொருளெழுதி, ஏழையும் வாங்கக்கூடிய விலையில் அச்சிட்டு வெளியிட வேண்டும். சர்க்காரும் பல்கலைக்கழகங்களும் இதைச் செய்யத் தாமதித்தால், சங்கங்களும் வாசகசாலைகளும் தத்தம் தாலுக்காவிலுள்ள கோயிற் சாஸனங்களிலிருந்தேனும் தொடங்கலாம். உடையார்குடிக் கல்வெட்டு நீண்ட சாஸனமன்று. சில பக்கங்களில் அடங்கிவிடும். தமிழ்நாட்டு வாசகசாலைகளின் அலமாரிகளிலே 'பொன்னியின் செல்வ'னுடைய ஐந்து பாகங்களுக்குப் பக்கத்தில் அந்தச் சிறு பிரசுரத்தை வைப்பதற்கு இடம் இருக்கிறது.