கேட்டகால் என்னும் பெயர்

தோல் தொழிலில் ஈடுபட்டிருக்கும் நம்மவர் எழுதியும் பேசியும் வரும் ரசாயனப் பெயர்களுள், கேட்டகால் என்பதைப் போல் இத்தனை பதார்த்தங்களைத் தன்னுள் அடக்கிக்கொண்டு, எவர் எதைக் கருதிச் சொல்கிறார் என்பதைச் சந்தர்ப்பம் பார்த்தே நிச்சயிக்க வேண்டிய நிலையில் நம்மை வைத்திருக்கும் பெயர் வேறொன்று உண்டா என்பது சந்தேகமே. ரசாயனசாலையில் அது நிறமற்ற ஒரு ஸ்படிகம். பதனிடும் சாலையில் ஒரு பெரிய துவர்ப்பொருள் வகுப்புக்கே அடைமொழி. பழைய அகராதிகளிலோ அது கேட்டகின் என்ற வேறொரு பொருளின் மாற்றுப் பெயராகவும் நிற்கிறது. எமக்கு வரும் கட்டுரைகளிலும் பகுப்பாய்வுக் குறிப்புகளிலும் இம்மூன்றும் ஒன்றோடொன்று கலந்து கிடப்பதைக் கண்டு, இதைப் பற்றிச் சற்று விரிவாகவே எழுதுவது அவசியம் என்று கருதுகிறோம்.

இந்தக் குழப்பம் முன்பு இவ்வளவு கெடுதல் செய்ததில்லை. 1887-இல் தாராவியில் முதல் தோல் பதனிடும் சாலை எழுந்த காலந்தொட்டு, பாந்திராவின் கசாப்புச்சாலையை அடுத்து, திருநெல்வேலிச் சீமையிலிருந்து குடியேறிய ஆதிதிராவிடரும் முஸ்லிம்களுமான நம் மக்கள் அந்தச் சதுப்பு நிலத்தில் தொட்டி கட்டி இத்தொழிலை வளர்த்தபோது, பட்டையைக் கண்ணால் பார்த்தும், நுனிநாக்கில் வைத்துத் துவர்ப்பை அளந்தும், தொட்டியில் இறங்கித் தோலைக் கையால் புரட்டியும் அறிந்தவர்களே வேலை செய்தார்கள். அவர்களுக்கு ரசாயன நாமதேயம் எதுவும் தேவைப்படவில்லை. ஆவாரம்பட்டை என்றால் இன்ன நிறம், கடுக்காய் என்றால் இன்ன விளைவு என்பது பரம்பரை ஞானம். 1971-இல் கசாப்புச்சாலை தேவ்னாருக்குப் போயிற்று. பதனிடும் சாலைகளும் காலப்போக்கில் தாராவியை விட்டு அகன்றன. இன்று சம்டா பஜாரிலும் காலா கில்லாவைச் சூழ்ந்த தெருக்களிலும் நடப்பது பெரும்பாலும் பை, பெல்ட், பர்ஸ் தைக்கும் வேலையும் தோலுக்கு மெருகேற்றும் வேலையுமே. தோலோ ஆம்பூர், ராணிப்பேட்டை, கான்பூர், கொல்கத்தா என்று எங்கெங்கிருந்தோ பதனிடப்பட்டு வருகிறது. எந்தப் பட்டையில் அது ஊறியது என்பதைத் தைப்பவர் அறிய உள்ள சாதனம் உடன் வரும் காகிதம் ஒன்றுதான். காகிதத்தில் உள்ள பெயர் பிசகினால், பிசகைத் திருத்தத் தொட்டியும் அருகில் இல்லை, தொட்டியைக் காத்தவரும் இல்லை.

இனி அந்தப் பெயரின் பூர்வோத்தரத்தைப் பார்ப்போம். கருங்காலி வகைகளுள் ஒன்றான கதிர மரத்தின் வைரத்தைச் சிறு சிறு சிம்புகளாகச் செதுக்கி, நீரிலிட்டுக் காய்ச்சி இறுக்கினால் கிடைப்பது, நம் நாட்டு மருந்துக்கடைகளில் காசுக்கட்டி என்று விற்கப்படுவது. மாதுங்காவின் வெற்றிலைக் கடைகளில் கத்தா என்று வெற்றிலையில் தடவித் தருவதும் அதன் சுத்தமான பாகமே. கொங்கணத்தில் இதைக் காய்ச்சுவது ஒரு பழங்குடியின் குலத்தொழிலாகவே இருந்தது. காத்கரி என்ற அவர்கள் பெயரே காத்து காய்ச்சியதால் வந்தது. பம்பாய்த் தீவைப் போர்த்துகீசிய அரசிடம் குத்தகைக்குப் பெற்றிருந்த வைத்தியர் கார்சியா த ஓர்த்தா, 1563-இல் கோவாவில் அச்சிட்ட தம் மூலிகை நூலில் இதை விவரித்திருக்கிறார். ஐரோப்பிய வியாபாரிகளோ, கட்டி கட்டியாக வந்த இச்சரக்கு ஜப்பானில் தோண்டி எடுக்கும் மண் என்று நம்பி, ஜப்பான் மண் என்றே லத்தீனில் பெயர் சூட்டி நெடுங்காலம் விற்றார்கள். கதிர மரத்துக்கும் ஜப்பானுக்கும் உள்ள தூரம் கொஞ்சமன்று; ஆனால் ஒரு பெயர் நிலைத்துவிட்டால் அதைத் தாங்கி நிற்பதற்கு உண்மை தேவைப்படுவதில்லை என்பதற்கு வர்த்தக சரித்திரத்தில் இதைவிட நல்ல உதாரணம் எமக்குத் தெரியவில்லை. பின்னர் வழங்கிய கேட்டச்சு என்ற பெயர், நம் காசு, காத்து முதலிய சொற்களின் உறவாக, மலாய் மொழியின் வழியே ஐரோப்பாவை அடைந்தது.

காய்ச்சிய சாற்றைக் குளிரவிட்டால் அது இரண்டாகப் பிரியும் என்பது இத்தொழிலின் உயிர்நாடி. வெந்நீரில் நன்றாகக் கரைந்து தண்ணீரில் அரிதாகவே கரையும் ஒரு பொருள் ஸ்படிகமாக அடியில் படியும். அதுவே கத்தாவில் மிகுந்துள்ள கேட்டகின். மேலே நிற்கும் செந்நிறக் கரைசலை வற்றவைத்தால் கிடைப்பது கட்ச் என்னும் டானின் மிகுந்த சரக்கு. தோல் பதனிடவும், மீன்வலையும் கப்பற்பாயும் மக்கிப்போகாதபடி தோய்க்கவும் உலகின் பல துறைமுகங்களில் பயன்பட்டது இதுவே. 1839-இல் ரைன்ஷ் என்ற ஜெர்மன் ரசாயனர் கேட்டகினை உலர்வாலை வடித்தபோது முற்றிலும் புதிதான ஒரு சிறிய மூலக்கூறு பிறந்தது. நெருப்பில் பிறந்ததால் அதற்குப் பைரோகேட்டகால் என்று பெயர் வந்தது. காலிக் அமிலத்தைச் சுட்டுப் பெற்றது பைரோகாலால் ஆனதும் இவ்விதமே. பிற்காலத்தவர் நாக்கின் சௌகரியத்துக்காகப் பைரோ என்ற முன்னொட்டை விட்டுவிட்டார்கள். கேட்டகினையும் சிலர் கேட்டகால் என்றே எழுதிவந்த காலம் அது. ஆகவே தாய்ப்பொருளும், அதைச் சுட்டெரித்து வந்த பொருளும் ஒரே பெயரில் உலவத் தொடங்கின. எம் அபிப்பிராயத்தில் முதல் அபராதம் இங்கேதான் நேர்ந்தது.

இரண்டையும் வேறுபடுத்துவது வெறும் இலக்கண விவகாரம் என்று கருதுவோர், அவற்றின் குணங்களைக் கவனிக்க வேண்டும். கேட்டகால் பென்சீன் வளையமொன்றில் அடுத்தடுத்த இரு கார்பன்களில் ஹைட்ராக்சில் ஏறிய பொருள், ஆறு கார்பன்கள், மூலக்கூறு எடை சுமார் 110, 105 டிகிரி செல்சியஸில் உருகும், காற்றுப்பட்டால் பழுக்கும். புகைப்படத் தொழிலில் உருத்துலக்கியாகவும், வெனிலின், பூச்சிமருந்து முதலியவற்றின் மூலப்பொருளாகவும் பயன்படும் இது, தோலின் வழியே உடலுக்குள் ஊறிச் செல்லும். பட்ட இடத்தைப் புண்ணாக்கும். மனிதருக்குப் புற்றுநோய் விளைவிக்கக்கூடும் என்ற 2பி வகுப்பில் சர்வதேசப் புற்றுநோய் ஆராய்ச்சி நிறுவனத்தால் வைக்கப்பட்டது. கேட்டகினோ பதினைந்து கார்பன்கள் கொண்டது; எடை 290; நாம் குடிக்கும் தேநீரில் அதுவும் அதன் இனத்தாரும் நிறைய உண்டு. வெற்றிலையோடு மெல்லுவதும், கையுறையின்றித் தொடக்கூடாததும் ஒரே பெயரைச் சுமந்து ஒரே அலமாரியில் நிற்பது எத்தகைய அபாயம் என்பதைச் சிறு பட்டறைகளின் நெரிசலை அறிந்தவர்களுக்கு நாம் விளக்க வேண்டியதில்லை.

மூன்றாவது பிரயோகம்தான் நம் தொழிலுக்கே உரியது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் பிராக்டர் முதலிய தோல் ரசாயனர்கள், துவர்ப்பொருள்களைச் சுட்டால் எது மிஞ்சுகிறது என்பதை வைத்து அவற்றை இரண்டாக வகுத்தார்கள்: பைரோகாலால் டானின், கேட்டகால் டானின். இரும்பு உப்பைச் சேர்த்தால் முன்னது கருநீலமும் பின்னது கரும்பச்சையும் காட்டும் என்பது அவர்கள் தந்த எளிய சோதனை. கடுக்காய் முதல் வகுப்பு. ஆவாரம்பட்டையும் காசுக்கட்டியும் இரண்டாவது. நூறாண்டுக்கு மேலாக மாணாக்கர் இதை மனப்பாடம் செய்து வருகிறார்கள். ஆனால் கேட்டகால் டானினுக்குள் கேட்டகால் என்ற பொருள் தனித்துக் கிடப்பதில்லை. அதில் இருப்பவை கேட்டகின் போன்ற ஃபிளாவனால் அலகுகள், ஒன்றோடொன்று கார்பன் பிணைப்பால் கோத்துச் செறிந்தவை. இதை உணர்ந்தே ஃபிராய்டன்பெர்க் என்ற ரசாயனர் 1920-இல் பழைய பாகுபாட்டை விடுத்து, நீராற்பகுபடும் டானின், செறிந்த டானின் என்ற புதிய பாகுபாட்டை முன்வைத்தார். அது வந்து நூறாண்டு கழிந்தும் நம் விலைப்பட்டியல்களில் பழையதே ஆட்சி செய்கிறது.

பழைய பெயரால் காரியம் நடக்கிறதே, என்ன கேடு என்று கேட்பவர்களுக்கு வாட்டில் பட்டையே பதில் சொல்லும். ஆவாரம்பட்டை போதாமற்போய், ஆப்பிரிக்காவிலிருந்து வரவழைத்தும் நீலகிரியில் பயிரிட்டும் நாம் ஏற்றுக்கொண்ட இந்தப் பட்டை, பாடப்புத்தகங்களில் கேட்டகால் டானின் வகுப்பில் கண்ணை மூடிக்கொண்டு சேர்க்கப்பட்டது. அதன் அலகுகளை ஆராய்ந்தபோது, பெரும்பான்மையான அலகுகளின் பி வளையத்தில் இரண்டுக்குப் பதில் மூன்று ஹைட்ராக்சில்கள், அதாவது பைரோகாலாலின் அமைப்பு, இருப்பது தெரிந்தது. ஆகவே இரும்புச் சோதனையில் தெளிவான பச்சையை எதிர்பார்த்து நிற்கும் இளம் பகுப்பாய்வாளர், தம் முன் நிற்கும் ஊதாநிறத்தைக் கண்டு, சரக்கில் கடுக்காய் கலந்திருக்கிறது என்று விற்றவர்மேல் பழிசுமத்தக்கூடும். சரக்கு சுத்தமாகவே இருக்கும், பிழை பெயருடையது. ஃபார்மால்டிஹைடும் ஹைட்ரோகுளோரிக் அமிலமும் இட்டுக் கொதிக்கவைத்தால் செறிந்த டானின் வீழ்படிவாகும், மற்றது கரைசலிலேயே தங்கும். இந்தச் சோதனை, நிறத்தை நம்பும் சோதனையைவிட ஆயிரம் மடங்கு மேல்.

இந்தப் பாகுபாடு கடைத்தெருவரைக்கும் வந்து பேசும் விஷயம். செறிந்த டானினில் பதனிட்ட தோல் வெயில் படப்படச் சிவக்கும். கண்ணாடிப் பெட்டிக்குள் மாதக்கணக்கில் தொங்கும் பையின் முகம் ஒரு நிறமும், மடிப்பின் உட்புறம் வேறொரு நிறமும் ஆவதைத் தாராவி வியாபாரிகள் எத்தனையோ முறை கண்டிருப்பார்கள். கடுக்காய் போன்ற நீராற்பகுபடும் வகை ஒளிக்கு அவ்வளவு எளிதில் இடங்கொடாது. ஆனால் எல்லாஜிக் அமிலம் பிரிந்து தோலின்மேல் வெளிர் மஞ்சளாகப் பூக்கும். இவ்விரண்டின் குணதோஷங்களையும் நம் முன்னோர் அறிந்தே, ஆவாரம்பட்டையில் பதனிட்டு முடித்த தோலைக் கடுக்காய் ஊறலில் போட்டெடுத்துச் சிவப்பைத் தணித்து, எண்ணெய் தடவி ஈஸ்ட் இந்தியா தோல் என்று உலகம் மெச்சிய சரக்கைத் தந்தார்கள். ஒரு பெயரும் தெரியாமல் இத்தனையும் செய்தவர்களின் வாரிசுகளாகிய நாம், அத்தனை பெயர்களும் தெரிந்தும் தடுமாறுவது நியாயமன்று.

தாராவிக்கு ஒரு கூப்பிடு தூரத்தில், மாதுங்காவில், 1933-இல் தொடங்கிய ரசாயனத் தொழில்நுட்பத் துறையை இவ்விடத்தில் நினைக்காமல் இருக்க முடியவில்லை. 1938 முதல் 1957 வரை அதன் தலைவராக விளங்கியவர் சென்னையில் பிறந்த கே. வெங்கடராமன். ஃபிளாவோன்களைத் தொகுக்க உதவும் பேக்கர்–வெங்கடராமன் மறுசீரமைப்பு இன்றும் உலகெங்கும் அவர் பெயரால் வழங்குகிறது. கேட்டகினும் அந்த ஃபிளாவோன்களும் ஒரே குடும்பத்தின் கிளைகள். இத்தகைய மகா பண்டிதர் ஒருவர் மாதுங்காவில் தலைமை வகித்து வந்த அதே காலத்தில், ரயில் பாதைக்கு அப்பால் நம் தொழிலாளிகள் அந்தக் குடும்பத்தின் பட்டைகளை இடித்துத் தொட்டியில் போட்டுக்கொண்டிருந்தார்கள். அடையாற்றில் 1948-இல் மத்தியத் தோல் ஆராய்ச்சி நிலையம் தோன்றிய பின்னரே சாஸ்திரமும் தொட்டியும் தாராளமாகப் பேசிக்கொள்ளத் தொடங்கின என்பது எம் எண்ணம். அதற்கு முன்பே மாதுங்காவில் அது நடந்திருக்கக்கூடாதா என்ற ஆதங்கமும் உண்டு.

சர்வதேச ரசாயன ஒன்றியமான ஐ.யு.பி.ஏ.சி. 2013-இன் பரிந்துரைகளில் கேட்டகாலுக்குப் பென்சீன்-1,2-டையால் என்பதையே விரும்பத்தக்க பெயராக நிர்ணயித்திருக்கிறது. அமைப்பையே பெயராகச் சொல்லும் இம்முறையில் ஐயத்துக்கு இடமில்லை. ஆனாலும் பட்டறையில் நிற்பவர் ஒவ்வொரு தடவையும் இதை உச்சரிக்க வேண்டும் என்று கட்டாயப்படுத்துவது பண்டிதப் பிடிவாதமாகும் என்பதை ஒப்புக்கொள்கிறோம். கேட்டகினுக்கு உரிய முறைப்பெயரோ ஒரு மூச்சில் சொல்லி முடியாதது. முறைப்பெயர் வாயில் நுழையாவிட்டால் போகட்டும், எழுத்தில் சி.ஏ.எஸ். எண்ணைச் சேர்ப்பதில் யாதொரு சிரமமும் இல்லை. கேட்டகாலுக்கு 120-80-9, கேட்டகினுக்கு 154-23-4. இந்த எண்களைப் பார்த்தபின் எந்தக் கிடங்குக்காரரும் ஒன்றுக்கு மற்றொன்றை எடுத்துத்தர மாட்டார்.

எண்ணும் எல்லா இடத்திலும் உதவாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். டானிக் அமிலம் என்று விற்கப்படுவதற்கு 76 கார்பன்களும் 1701 எடையும் கொண்ட ஒரு சூத்திரம் புத்தகங்களில் உண்டு. கடையில் வாங்கும் புட்டியில் உள்ளதோ பலவகை காலாயில் குளுக்கோஸ்களின் கலவை. ஒரு பதார்த்தத்தின் பெயர் போலத் தோன்றி ஒரு கூட்டத்தைக் குறிக்கும் இத்தகைய பெயர்களுக்கு, மூலத் தாவரத்தைச் சொல்வதே சரியான அடையாளம்.

ஆகவே பகுப்பாய்வாளர்களும், தோல் வாங்கி விற்போரும், தாராவியில் மெருகேற்றும் பட்டறை நடத்துவோரும் எம் விண்ணப்பத்தைச் செவிமடுக்க வேண்டுகிறோம். சுத்தமான ரசாயனமாயின் பெயரோடு எண்ணை எழுதுங்கள்; துவர்ச்சரக்காயின் எந்த மரம், எந்தப் பாகம், பட்டையா காயா வைரமா, செறிந்த வகையா நீராற்பகுபடும் வகையா என்பதை எழுதுங்கள்; தோலை அனுப்பும் சாலைகளிடமும் இந்த விவரத்தைக் கேட்டு வாங்குங்கள். கேட்டகால் டானின் என்ற தொடரை மட்டும் தாங்கி வரும் கட்டுரைகளும் சோதனைக் குறிப்புகளும் அடுத்த இதழ் முதல் வெளியிடப்படமாட்டா. மேற்சொன்ன விவரங்களைக் கேட்டு ஆசிரியருக்கே திருப்பி அனுப்பப்படும்.