கோப்பு நகரவில்லையாம்

"நிர்வாகக் காரணங்களால் காலதாமதம் ஏற்பட்டுவிட்டது" என்று எழுதியிருக்கிறார்கள் அரசுத் துறைக்காரர்கள். அப்பாவின் சாவுக்கு நட்டஈடு கொடுக்கச் சொல்லி தில்லி சாகேத் நீதிமன்றம் தீர்ப்பளித்து இரண்டு தீபாவளி போனபிறகு, மேல்முறையீட்டோடு வந்த தாமத மன்னிப்பு மனுவில் இருக்கிற வரி இது. அம்மாவுக்கு நான்தான் படித்துச் சொன்னேன். சட்டப் பிரிவிலிருந்து நிதிப் பிரிவுக்குக் கோப்பு போனதாம், திரும்பி வந்ததாம், அதிகாரி மாற்றலாகிப் போனாராம். "அந்த ஆபீசு எத்தனை மாடிடி?" என்று கேட்டாள் அம்மா.

வடிகாலைத் தோண்டித் திறந்துபோட்டவர்கள் அவர்கள். தடுப்பு வைக்கவில்லை, விளக்கு போடவில்லை. ஜூலை மழையில், முழங்கால் தண்ணீரில் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்த மனிதர் உள்ளே போய்விட்டார். இதையெல்லாம் இப்போதும் அவர்கள் மறுக்கவில்லை. தொகைதான் அதிகமாம்!

மேல்முறையீட்டுக்குச் சட்டம் கொடுத்த அவகாசம் 90 நாள். அப்போது ஒருவரும் அசையவில்லை. பணம் வராததால் நிறைவேற்று மனு போட்டோம். வங்கிக் கணக்கை முடக்குவார்கள் என்ற பேச்சு வந்ததும் கோப்புக்கு உயிர் வந்துவிட்டது. இதைச் சோம்பல் என்று யாராவது சொன்னால் நான் நம்பமாட்டேன். நாங்கள் ஓய்கிறோமா என்று பார்க்கிறார்கள். நாலு வீட்டில் சமைக்கிறவள் எத்தனை வாய்தாவுக்கு லீவு போடுவாள் என்கிற கணக்கு அது.

நேரத்துக்கு மேல்முறையீடு போட்டாலே எங்கள் கதி என்ன ஆகும் என்பதற்கு இந்த ஊரிலேயே உப்ஹார் இருக்கிறது. 1997 ஜூன் 13, கிரீன் பார்க் திரையரங்கில் தீ. 59 பேர் செத்தார்கள். 2003இல் தில்லி உயர் நீதிமன்றம் இறந்தவர்களில் பெரியவர்களுக்கு 18 லட்சம், இருபது வயதுக்குக் கீழானவர்களுக்கு 15 லட்சம் என்று தீர்ப்பளித்தது. திரையரங்கு முதலாளிகளோடு மாநகராட்சியும் மின்வாரியமும் உரிமம் கொடுத்த காவல்துறையும் பங்கு கொடுக்க வேண்டும் என்றது. மாநகராட்சி உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 2011 அக்டோபரில் 18 லட்சம் 10 ஆனது, 15 லட்சம் ஏழரை ஆனது. மாநகராட்சியும் உரிம அதிகாரிகளும் பொறுப்பிலிருந்தே விடுபட்டார்கள். பிள்ளைகளை வாரிக் கொடுத்தவர்கள் பதினாலு வருஷம் காத்திருந்து பார்த்தது இதைத்தான்.

அரசு இப்படித் தாமதமாக வருவதை உச்ச நீதிமன்றம் கண்டிக்காமலும் இல்லை. 427 நாள் பிந்தி வந்த அஞ்சல் துறையிடம், அரசுக்கென்று தனிக் காலவரம்பு கிடையாது என்று 2012இல் சொன்னது. 663 நாள் பிந்திய மத்தியப் பிரதேச அரசுக்கு 2020இல் 25,000 ரூபாய் விதித்து, காரணமான அதிகாரிகளிடம் வசூலிக்கச் சொன்னது. அப்புறமும் என்ன மாறியது? கர்நாடக வீட்டுவசதி வாரியம் 3,966 நாள், பத்து வருஷத்துக்கு மேல் தாமதமாக வந்தது. அந்த மாநில உயர் நீதிமன்றம் அதையும் மன்னித்தது! 2025 செப்டம்பரில் நீதிபதிகள் பர்திவாலாவும் நம் மகாதேவனும் அதை ரத்து செய்தபோது, இழப்பீட்டுக்குத் தீர்ப்பு வாங்கிய பெண்மணி உயிரோடு இல்லை, வாரிசுகள்தான் இருந்தார்கள்.

எங்கள் பக்கம் ஒரு வாய்தாவுக்கு வக்கீல் வராவிட்டால் வழக்கையே தள்ளுகிறார்கள். அம்மாவுக்கு டெங்கு என்று சான்றிதழ் கொண்டுபோய்க் கெஞ்சியிருக்கிறோம். அவர்களிடம் யாரும் சான்றிதழ் கேட்பதில்லை. எந்த மேசையில், எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதிவரை, யார் பெயரில் அந்தக் கோப்பு கிடந்தது? மனுவில் எழுதட்டும். முழுத்தொகையையும் நீதிமன்றத்தில் கட்டிவிட்டு வாதாடட்டும். தாமதத்துக்கான வட்டியை, எங்கள் வரிப்பணத்தில் எடுக்காமல், கோப்பின் மேல் உட்கார்ந்திருந்தவர் சம்பளத்தில் பிடிக்கட்டும்.