கரந்தைக்கும் பார்த்தீனியத்துக்கும் ஒரே தண்டனையா?

சம்பா அறுவடைக்குப் பின் கம்மாபுரம் பகுதி நஞ்சைகளிலும் வரப்போரங்களிலும் ஊதா நிறத்தில் உருண்டை உருண்டையாகப் பூத்து நிற்பது கொட்டைக்கரந்தை. தாவர நூலார் இந்தப் பேரினத்துக்கு இட்ட 'ஸ்பீராந்தஸ்' என்ற பெயருக்கும் உருண்டைப் பூ என்றே பொருள். சித்த மருத்துவத்தில் பேசப்படும் சிவகரந்தையும் இதே பேரினந்தான். இரண்டும் நம் மண்ணின் செடிகள்.

சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்த கரந்தைக்குப் பொல்லாத உறவு ஒன்று உண்டு. அதுதான் பார்த்தீனியம். அமெரிக்கக் கண்டத்துச் செடியான அது 1950களில் புனே அருகே கண்டறியப்பட்டு, பின் நாடெங்கும் பரவியது. தோல் அரிப்பும் மூச்சிரைப்பும் தருவது; ஒரே செடி ஆயிரக்கணக்கில் விதை உதிர்க்கும்; தன் நச்சுப்பொருளால் அண்டைச் செடிகளின் முளைப்பையும் தடுக்கும்.

வரப்பு சுத்தமாக இருக்க வேண்டும் என்று களைக்கொல்லியை ஒரேயடியாகத் தெளிப்பதால் இரண்டும் ஒன்றாகவே கருகுகின்றன. கரந்தை விதையால் மட்டுமே பெருகும் ஒரு பருவச் செடி. விதை கட்டுமுன் அழிந்தால் மறு ஆண்டு குறைந்துவிடும். வெறுமையான அந்த இடத்தை முதலில் பிடிப்பது பார்த்தீனியமே. காசு செலவழித்து நாமே அதற்குப் பாய் விரிக்கிறோம்.

மெக்சிகோவிலிருந்து தருவிக்கப்பட்டு 1984-ல் பெங்களூரில் விடப்பட்ட வண்டு, பெரும்பாலும் பார்த்தீனியத்தையே தேடித் தின்கிறது. வண்டு பார்க்கும் வேற்றுமையைக் கைத்தெளிப்பான் பார்ப்பதில்லை; உழவர்தான் பார்க்க வேண்டும்.

அடையாளம் எளிது. கரந்தையின் இலை தண்டோடு இறங்கி இறக்கை போல ஒட்டியிருக்கும், கசக்கினால் மணக்கும். பார்த்தீனியத்தின் இலை கேரட் இலை போலப் பிளவுபட்டது. பூ சிறியது, வெள்ளை.

நெல் தரிசில் விதைத்த உளுந்துக்குள் முளைத்தால் கரந்தையும் களைதான். அங்கே இரக்கம் வேண்டாம், பிடுங்கி எறியுங்கள். ஆனால் வரப்பிலும் வாய்க்கால் கரையிலும் சும்மா கிடக்கும் தரிசிலும் அதை விட்டுவையுங்கள். தேனீக்களும் வண்ணத்துப்பூச்சிகளும் அந்தப் பூவைத் தேடி வரும். மருந்துக்குப் பறிப்போரும் விதைக்குச் சில செடிகளை நிறுத்திப் பறிக்கட்டும்.

பார்த்தீனியத்தை மட்டும் பூக்குமுன், மண் ஈரமாக உள்ளபோது, கையுறை அணிந்து வேரோடு பிடுங்குங்கள். ஒருவர் வரப்பில் மட்டும் செய்தால் பயனில்லை; ஊரே சேர்ந்து செய்ய வேண்டிய வேலை இது.