ஜெஸ்ஸி மேப்பிளின் வழக்கும் நம் திரைத்துறையில் எண்ணப்படாத தலைகளும்

2025 ஜூலையில், பாரமவுண்ட் நிறுவனத்தை ஸ்கைடான்ஸ் கையகப்படுத்துவதற்கு அமெரிக்காவின் கூட்டாட்சித் தகவல்தொடர்பு ஆணையம் ஒப்புதல் அளித்தது. பன்முகத்தன்மை, சமவாய்ப்பு ஆகியவற்றுக்கான திட்டங்கள் எதையும் நடத்தமாட்டோம் என்று ஸ்கைடான்ஸ் எழுத்து மூலம் உறுதி கொடுத்த பிறகே அந்த ஒப்புதல் கிடைத்தது. பாரமவுண்டின் கையிலுள்ள சொத்துகளில் சி.பி.எஸ். தொலைக்காட்சியும் ஒன்று. ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளுக்கு முன்பு அதே சி.பி.எஸ்.ஸின் நியூயார்க் நிலையத்தின் மீது ஒரு கறுப்பினப் பெண் வழக்குத் தொடுத்துத்தான் அங்கே கேமராவைத் தோளில் ஏற்றினார். அவர் பெயர் ஜெஸ்ஸி மேப்பிள்.

1937இல் மிசிசிப்பி மாநிலத்தில் பிறந்தவர் மேப்பிள். நுண்ணுயிர் ஆய்வுக்கூடத்தில் பணியாற்றியவர். பின்னர் இதழியலுக்கு வந்து, அங்கிருந்து திரைத்துறைக்குள் நுழைந்தார். நடிகர் ஓசி டேவிஸ் முன்னின்று தொடங்கிய மூன்றாம் உலக சினிமா நிறுவனத்தின் பயிற்சியும், பொதுத் தொலைக்காட்சியின் பயிற்சித் திட்டமும் அவருக்குக் கைகொடுத்தன. கார்டன் பார்க்ஸின் படங்களில் படத்தொகுப்புத் துறையில் பயிற்சியாளராக இருந்தார். ஆனால் அவர் விரும்பியது கேமராவை. 1970களின் நடுப்பகுதியில் நியூயார்க் ஒளிப்பதிவாளர் சங்கத்தில் சேர்க்கப்பட்ட முதல் கறுப்பினப் பெண் ஆனார்.

சங்க அட்டை கிடைத்தது. வேலை கிடைக்கவில்லை. சங்கத்தில் பெயர் இருந்தும் அழைப்பு வராத நிலையில், நியூயார்க்கின் தொலைக்காட்சி நிலையங்கள் மீது பாகுபாட்டு வழக்குகளைத் தொடுத்தார். சி.பி.எஸ். நிலையத்தில் முதலில் தகுதிகாண் காலத்துக்கு அமர்த்தப்பட்டார். இத்தனை அனுபவத்தையும் அவர் 1977இல் ஒரு கையேடாக எழுதி வெளியிட்டார். சங்க உறுப்பினராகக் கேமராப் பெண் ஆவது எப்படி என்பதே அதன் பொருள். தனக்குத் திறந்த கதவு தனக்குப் பின்னால் மூடிக்கொள்ளும் என்று அறிந்தவர் எழுதிய நூலாகவே நாம் அதைப் பார்க்கிறோம்.

மேப்பிளின் போராட்டத்துக்கு ஒரு சட்டப் பின்னணி உண்டு. அமெரிக்கத் திரைத்துறையில் அப்போது ‘அனுபவப் பட்டியல்’ என்றொரு முறை இருந்தது. ஏற்கெனவே வேலை செய்தவர்களின் பட்டியலிலிருந்தே முதலில் ஆள் எடுக்க வேண்டும். பட்டியல் தீர்ந்தால்தான் புதியவருக்கு இடம். புதியவருக்கு வேலை கிடைக்க அனுபவம் வேண்டும். அனுபவம் கிடைக்க வேலை வேண்டும். கறுப்பினத்தவருக்கு இடமில்லை என்று அந்த விதியில் ஒரு சொல்கூடக் கிடையாது. தந்தை, மாமன், மைத்துனன் வழியாக உள்ளே வந்தவர்களைக் கொண்டு அந்தப் பட்டியல் தன்னைத் தானே நிரப்பிக்கொண்டது.

1969 மார்ச்சில் சமவேலைவாய்ப்பு ஆணையம் லாஸ் ஏஞ்சல்ஸில் பொது விசாரணை நடத்தியது. எந்த ஸ்டுடியோவில், எந்தப் பிரிவில், எத்தனை கறுப்பினத்தவர், எத்தனை மெக்சிகோ வம்சாவளியினர் என்று கணக்கு கேட்டது. வழக்குத் தொடுக்கும் அதிகாரம் ஆணையத்துக்கு அப்போது இல்லை. அந்த அதிகாரம் 1972இல்தான் வந்தது. எனவே 1964ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டப்படி நடவடிக்கை எடுக்கும் பொறுப்பு நீதித்துறை அமைச்சகத்திடம் சென்றது. வழக்கு வரும் என்ற அச்சத்தில் 1970இல் தயாரிப்பாளர்களும் பல சங்கங்களும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தனர். சிறுபான்மையோரைப் பணிக்கு அனுப்புவதற்கான இலக்குகள் அதில் இடம்பெற்றன. அந்த உடன்பாடு நெடுங்காலம் நிலைக்கவில்லை. அதை நாம் காவியமாக்கத் தேவையில்லை. ஆனால் சட்டம் அங்கே எதைச் சான்றாக எடுத்துக்கொண்டது என்பதைச் சட்டம் பயிலும் தோழர்கள் கவனிக்க வேண்டும். யாருடைய வெறுப்புப் பேச்சும் சான்றாகத் தேவைப்படவில்லை. எண்ணிக்கையே சான்றாக நின்றது. நடைமுறையின் விளைவைக் கொண்டு நடைமுறையைக் குற்றஞ்சாட்டலாம் என்பதே அந்தச் சட்டம் தந்த ஆயுதம்.

இன்று குறிவைக்கப்படுவது அந்த ஆயுதம்தான். 2025 ஜனவரி 21 அன்று அதிபர் டிரம்ப், அரசு ஒப்பந்ததாரர்கள் பாகுபாடின்றி ஆளெடுக்க வேண்டும் என்ற 1965ஆம் ஆண்டின் ஜான்சன் காலத்து ஆணையை நீக்கினார். 1969இல் ஒலி, ஒளிபரப்பு நிறுவனங்களின் ஆளெடுப்பில் பாகுபாட்டைத் தடைசெய்து விதி வகுத்ததும் தகவல்தொடர்பு ஆணையம்தான்; 2025இல் காம்காஸ்ட், டிஸ்னி நிறுவனங்களின் பன்முகத்தன்மைத் திட்டங்களைக் குற்றம்போல் விசாரிக்கத் தொடங்கியதும் அதே ஆணையம்தான்.

மேப்பிள் தொலைக்காட்சியோடு நின்றுவிடவில்லை. கணவர் லீராய் பாட்டனுடன் சேர்ந்து சொந்த நிறுவனம் தொடங்கி, 1981இல் ‘வில்’ என்ற முழுநீளப் படத்தை இயக்கினார். ஹார்லெமில் ஹெராயின் பழக்கத்திலிருந்து மீளப் போராடும் ஒரு கூடைப்பந்தாட்டக்காரரும், அவர் அரவணைக்கும் ஒரு சிறுவனும் அப்படத்தின் மையம். படத்தைத் திரையிட இடம் வேண்டுமே! அடுத்த ஆண்டு ஹார்லெமில் தம் வீட்டின் கீழ்த்தளத்தையே ‘20 வெஸ்ட்’ என்ற திரையரங்காக மாற்றினார்கள். மேப்பிள் 2023 மே மாதம் காலமானார். 2024 டிசம்பரில் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் ‘வில்’ படத்தைத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது. ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலில் ஒரு பெண்ணின் பெயர் முதன்முதலாக இடம்பெற்றது 2018இல், அதாவது அவருடைய கையேடு வந்து 41 ஆண்டுகளுக்குப் பிறகு.

இந்தியாவிலும் ஒரு மேப்பிள் வழக்கு உண்டு. மும்பைத் திரைத்துறையின் ஒப்பனைக் கலைஞர் சங்கம், பெண்களுக்குச் சிகையலங்கார அட்டை மட்டுமே தந்துவந்தது. ஒப்பனை அட்டை ஆண்களுக்கே உரியதாக இருந்தது. சாரு குரானா இதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றார். 2014 நவம்பர் 10 அன்று நீதிபதி தீபக் மிஸ்ரா, நீதிபதி யு.யு.லலித் அமர்வு அந்த விதியைச் செல்லாது என்றது. சங்கம் தனியார் அமைப்பு, அதன் உள்விதியில் அரசமைப்புக்கு என்ன வேலை என்ற வாதம் அங்கே நிற்கவில்லை. திரைத்துறையில் வாய்ப்பு மறுக்கப்படும் எவரும் அந்தத் தீர்ப்பைப் படிக்க வேண்டும்.

ஆயினும் அந்தத் தீர்ப்பு நமக்கு ஓர் எல்லை வரைதான் உதவும். சாரு குரானாவின் கையில் ஒரு தாள் இருந்தது. பெண்ணுக்கு அட்டை இல்லை என்பதைச் சங்கமே ஒப்புக்கொண்டது. தலித் இளைஞரை ஒளிப்பதிவு உதவியாளராகச் சேர்க்கமாட்டோம் என்று எந்தச் சங்கம் எழுதித் தரும்? நம் ஊரில் ஒளிப்பதிவாளர் ஆவதற்கான பாதை, ஓர் ஒளிப்பதிவாளரிடம் உதவியாளராகச் சேர்வதில் தொடங்குகிறது. அந்தச் சேர்க்கைக்கு விளம்பரம் இல்லை, விண்ணப்பம் இல்லை, நேர்காணல் இல்லை. தெரிந்தவர் சொன்னால் சேரலாம். சில ஆண்டுகள் சொற்ப ஊதியத்தில் சென்னையில் தாக்குப்பிடிக்க முடிந்தால் நீடிக்கலாம். 1985இல் ‘சின்ன வீடு’ படத்தின் மூலம் நாட்டின் முதல் பெண் ஒளிப்பதிவாளர் என்று அறியப்பட்ட பி.ஆர்.விஜயலட்சுமி, இயக்குநர் பி.ஆர்.பந்துலுவின் மகள். அவருடைய திறமையை நாம் சிறிதும் குறைத்துச் சொல்லவில்லை. வீட்டுக்குள்ளேயே திரைத்துறை இருந்தவருக்கும் அது எட்டாத ஊரில் பிறந்தவருக்கும் உள்ள தொலைவைத்தான் சொல்கிறோம்.

2015 திருத்தத்துக்குப் பின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3(1)(za)(E) பிரிவு, பட்டியலினத்தவர் ஒரு தொழிலையோ வேலையையோ மேற்கொள்வதைத் தடுப்பதைக் குற்றமாக்குகிறது. நல்ல பிரிவு. ஆனால் தடுத்தார் என்று காட்டுவதற்கு ஒரு நபரும் ஒரு செயலும் வேண்டும். தொலைபேசி அழைப்பு வராததை எந்தக் காவல் நிலையத்தில் புகாராக எழுதுவது?

அனுபவப் பட்டியலின் மொழியை நாம் அண்மையிலும் கேட்டோம். 2025 ஆகஸ்ட்டில் திருவனந்தபுரத்தில் நடந்த திரைப்படக் கொள்கை மாநாட்டில், பட்டியலினத்தவருக்கும் பெண்களுக்கும் படமெடுக்கக் கேரள அரசு தரும் 1.5 கோடி ரூபாய் மிகை. அதை மூவருக்கு 50 லட்சமாகப் பிரிக்கலாம். அவர்களுக்கு மூன்று மாதமாவது தீவிரப் பயிற்சி வேண்டும் என்றார் அடூர் கோபாலகிருஷ்ணன். பயிற்சி வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. முதல் படம் எடுக்கும் ஒரு தயாரிப்பாளர் மகனுக்கு இந்த நிபந்தனையை எந்த மேடையிலாவது யாரேனும் விதித்ததுண்டா?

ஆகவே நாம் கேட்க வேண்டியது முதலில் கணக்கு. 2027 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சாதி எண்ணப்படவிருக்கிறது. ஆனால் ஒளிப்பதிவாளர் சங்கத்தில் எத்தனை தலித்துகள், ஒலிப்பதிவில் எத்தனை பேர், விளக்குப் பிரிவிலும் பளு தூக்கும் வேலையிலும் எத்தனை பேர் என்பதை அது தனியே சொல்லாது. பதிவுபெற்ற சங்கங்கள் ஆண்டுதோறும் பதிவாளருக்கு அறிக்கை அனுப்பியாக வேண்டும். 1926ஆம் ஆண்டின் தொழிற்சங்கச் சட்டத்துக்குப் பதிலாக 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ள தொழிலுறவுச் சட்டத்தொகுப்பிலும் அந்தக் கடமை தொடர்கிறது. அத்தொகுப்பை நாம் பல காரணங்களுக்காக எதிர்க்கிறோம். அது வேறு விவாதம். எனினும் அதன்கீழ் விதி வகுக்கும் அதிகாரம் மாநில அரசுக்கும் உண்டு. திரைத்துறைச் சங்கங்களின் ஆண்டறிக்கைப் படிவத்தில் சமூகப் பிரிவுக்கென ஒரு பத்தியைச் சேர்க்கக் கோரி தொழிலாளர் துறைக்கு மனு அனுப்பலாம். சட்டக் கல்லூரித் தோழர்கள் ஒரு வார இறுதியில் எழுதி முடித்துவிடக்கூடிய மனு அது.