சக்ரவர்த்தி போனார், ஃபைல் இருக்கிறது

ஐஸக் அஸிமாவ் 1941-ல் ஒரு விண்வெளிப் பேரரசைப் பற்றி எழுத ஆரம்பித்தார். பால்வெளி முழுக்க ஒரே ராஜாங்கம். தலைநகரம் ட்ரான்டார். கிரகம் மொத்தமும் கட்டடம், கட்டடம் மொத்தமும் குமாஸ்தாக்கள். பன்னிரண்டாயிரம் வருஷத்து சாம்ராஜ்யம் சரியப் போகிறது என்று ஹாரி செல்டன் என்கிற கணித நிபுணர் கணக்குப் போட்டுச் சொல்வார். உடனே அவர் மேல் கேஸ். 'ஃபவுண்டேஷன்' வரிசை இப்படித்தான் தொடங்குகிறது. 2021-ல் இது டி.வி. தொடராக வந்தபோது ஒரு புதுமை செய்தார்கள். வாரிசுத் தகராறே வரக்கூடாதென்று ஒரே சக்ரவர்த்தியை க்ளோன் எடுத்து இளையவர், நடுவயசுக்காரர், கிழவர் என்று மூன்று பதிப்பாக உட்கார வைத்தார்கள். அப்படியும் சிம்மாசனம் ஆடுகிறது.

அஸிமாவுக்கு ஐடியா தந்தது, ரோமாபுரி சரிந்த கதையை எழுதிய கிப்பன். நமக்கு கிப்பன் வேண்டாம். திருப்பாச்சூர் பஸ் ஸ்டாப்பில் நின்று மேற்கே பார்த்தால் போதும்.

அந்த ஊர் வாசீஸ்வரர் கோயில் தலபுராணத்திலேயே கரிகாலனுக்கும் குறும்பன் என்கிற குறுநில மன்னனுக்கும் சண்டை. குறும்பனுக்குக் காளி துணை. சிவபெருமான் தலையிட்டுக் காளியைக் கட்டிப்போட்ட பிறகுதான் கரிகாலனுக்கு ஜெயம். இது புராணம். நிஜம், ஒரு பைக் இருந்தால் ஒரே ஞாயிற்றுக்கிழமையில் பார்த்துவிடக்கூடிய தூரத்தில் இருக்கிறது.

முதலில் திருத்தணி. அங்கே வீரட்டானேசுவரர் கோயிலைக் கல்லில் எடுத்தவர் நம்பி அப்பி. அதைப் பாராட்டிப் பல்லவன் அபராஜிதனே ஒரு வெண்பா பாடியதாகக் கல்வெட்டு. ராஜா கவி பாடிக்கொண்டிருந்தால் என்ன ஆகும்? கும்பகோணம் பக்கம் திருப்புறம்பியத்தில் சுமார் 880-ல் பாண்டியனோடு நடந்த சண்டையில் அவனுக்குத் துணை நின்றவன் முதலாம் ஆதித்த சோழன். அப்போது சோழர்கள் சின்னக் கட்சி. சில வருஷம்தான். அதே ஆதித்தன் அபராஜிதன் மேலேயே படையெடுத்துப் பல்லவ ராஜ்யத்தையே முடித்துவிட்டான். அபராஜிதன் என்றால் 'தோற்காதவன்' என்று அர்த்தம். பேர் ராசி அவ்வளவுதான்.

அடுத்து தக்கோலம். 949-ல் ஆதித்தனின் பேரன் ராஜாதித்தன் யானை மேலிருந்தபடியே இறந்தான். ஜெயித்தவர் ராஷ்டிரகூடர் மூன்றாம் கிருஷ்ணர். தொண்டை மண்டலம் கை மாறியது. சோழர் கதை முடிந்தது என்று அன்றைக்கு எவனாவது பந்தயம் கட்டியிருந்தால் தோற்றிருப்பான். 973-ல் ராஷ்டிரகூடர்களே காலி. கவிழ்த்தது யார்? அவர்களுக்குக் கீழே சிற்றரசனாக இருந்த தைலபன்! அடுத்த பன்னிரண்டாம் வருஷம் தஞ்சாவூரில் ராஜராஜன் பட்டத்துக்கு வந்தாயிற்று.

சோழர்கள் விழுந்ததும் இதே மாதிரிதான். கப்பம் கட்டிக்கொண்டிருந்த பாண்டியன் எழுந்தான். சோழர்களுக்கு அடங்கியிருந்த கோப்பெருஞ்சிங்கன், மூன்றாம் ராஜராஜனைப் பிடித்து சேந்தமங்கலத்தில் சிறை வைத்தான். அந்தக் கோப்பெருஞ்சிங்கன் தன்னைப் பல்லவ வம்சம் என்று சொல்லிக்கொண்டவன். முந்நூறு வருஷத்துக்கு மேலாகியும் பாக்கி வசூல்! 1279-க்குப் பிறகு சோழ ராஜாவே கிடையாது.

ஆக, சக்ரவர்த்தி கடல் தாண்டி எதிரியைத் தேடுகிறார். நாற்காலியைத் தூக்குகிறவரோ பக்கத்திலேயே, 'சொல்லுங்க ஸார்' என்று நிற்கிறார். ஆபீஸில் இருப்பவர்களுக்கு இது புதுசல்ல.

மூன்றாவது ஊர் திருவாலங்காடு. 1905-ல் கிடைத்த செப்பேடுகள், 31 ஏடு, வளையத்தில் கோத்து ராஜமுத்திரையோடு. ராஜேந்திர சோழன் பழையனூர் கிராமத்தை அவ்வூர்க் கோயிலுக்குக் கொடுத்த பத்திரம். முன்பகுதி சம்ஸ்கிருதத்தில் வம்சப் பெருமை. சூரியனிலிருந்து ஆரம்பிக்கிறது. நம் ராஜாக்களும் நட்சத்திர வம்சம்தான் ஸார், அஸிமாவுக்கு ரொம்ப முன்னாலேயே. உத்தரவு போட்டது ராஜேந்திரனின் 6-ம் ஆட்சியாண்டில், அதாவது சுமார் 1018. ஆனால் பெருமைப் பகுதியில் 1025-ல் நடந்த கடாரப் படையெடுப்பு வந்துவிடுகிறது! பிற்பாடு சேர்த்திருக்கிறார்கள் என்கிறார்கள் அறிஞர்கள். ஃபைல் எப்படி நகரும் என்று தெரிந்தவர்களுக்கு விளக்கம் வேண்டாம்.

எனக்குப் பிடித்தது பின்பகுதி, தமிழ். ராஜா வாயால் சொன்னதைத் திருமந்திர ஓலை எழுதுகிறார். மேலதிகாரிகள் சரி பார்க்கிறார்கள். புரவுவரி, வரிப்பொத்தகம், முகவெட்டி என்று வரி இலாகாவே வரிசையில் நிற்கிறது. பிறகு ஊரின் நான்கு எல்லைகள்: வயல், வாய்க்கால், ஏரி என்று ஒன்று விடாமல். அக்கால வழக்கப்படி பெண் யானையை எல்லை சுற்றி நடத்தி, கல்லும் கள்ளியும் நட்டு அளப்பார்கள்.

அஸிமாவின் செல்டன், பேரரசு விழுந்தாலும் அறிவு அழியாதிருக்க ஒரு கலைக்களஞ்சியம் தொகுக்கப் போவதாகக் கோர்ட்டில் சொல்வார். நம் சோழ குமாஸ்தா அப்படி ஒன்றும் சபதம் செய்யவில்லை. நாளைக்கு வரப்புத் தகராறு வரக்கூடாதென்று கவனமாக எழுதினார், அவ்வளவே. ஆதித்தன் யாரை ஜெயித்தான், ராஜாதித்தன் என்ன ஆனான் என்பதெல்லாம் இந்த மாதிரிப் பத்திரங்களின் தயவில்தான் நமக்குத் தெரிகிறது. ஏடுகள் சென்னை அருங்காட்சியகத்துக்குப் போய்ப் பத்திரமாகிவிட்டன.

கோயில் சுவரில் இருக்கும் கல்வெட்டுக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. திருப்பணி என்ற பேரில் பெயிண்ட் அடிக்கிறார்கள். மணலைப் பீய்ச்சிச் சுத்தம் செய்கிறேன் என்று எழுத்தையே வழித்தெடுத்த கோயில்கள் உண்டு. படையெடுத்து வந்தவன்கூட இவ்வளவு சுத்தமாக அழிக்கவில்லை. உங்கள் ஊரில் அடுத்த கும்பாபிஷேகத்துக்கு நன்கொடை ரசீதோடு வருவார்கள். பணத்தைக் கொடுங்கள். கொடுக்கும்போது, 'சுவரில் இருக்கிற எழுத்தைப் படி எடுத்தாச்சா?' என்று ஒரு கேள்வியும் கேளுங்கள்.