புதுமைப்பித்தனுக்கு யார் ஆடிட்டர்?

முதலிலேயே சொல்லிவிடுகிறேன் மக்களே, நான் பி.காம். இலக்கியம் படித்தவன் இல்லை. பார்ட் ஒன் தமிழில் 'பொன்னகரம்' பாடமாக வந்தது. அதில் ஆரம்பித்து புதுமைப்பித்தன் கதைகள் மொத்தத்தையும் படித்துவிட்டேன். திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் தினமும் பஸ்ஸில் போய் வருகிறவனுக்கு நேரத்துக்கா பஞ்சம்? விக்கிரவாண்டி டோல்கேட்டில் நிற்கும்போதே ஒரு சின்னக் கதை முடிந்துவிடும்.

படித்து முடித்ததும் கோபம் வந்தது. அவர் மேல் இல்லை. அவரை நமக்குப் படிக்கச் சொல்லித் தருகிறவர்கள் மேல்.

வகுப்பில் என்ன நடந்தது? கதைச்சுருக்கம், கருத்து, உத்தி என்று மூன்று தலைப்பு. கருத்து: வறுமை கொடியது. ஐந்து மார்க். அடுத்த பாடம்.

1934இல் 'மணிக்கொடி'யில் வந்த கதை அது. மில்லில் வேலை செய்யும் அம்மாளு, அடிபட்டுக் கிடக்கும் வண்டிக்காரப் புருஷனின் கஞ்சிக்காக இருட்டில் ஒருத்தனோடு சந்துக்குள் போகிறாள். கதை அவளைக் கூண்டில் ஏற்றவில்லை. கற்பைப் பற்றிச் சட்டமாகப் பேசுகிற நம்மை ஏற்றுகிறது. 'வறுமை கொடியது' என்று எழுதிவிட்டால் கூண்டிலிருந்து நைசாக இறங்கிவிடலாம். நோட்ஸ் போடுகிறவர்கள் செய்கிற உதவி இதுதான்.

வகுப்புக்கு வெளியே போனால் இரண்டு கட்சி. ஒரு கட்சிக்கு அவர் சிறுகதை மன்னர். மாப்பசானைத் தழுவி எழுதியிருக்கிறாரே என்று கேட்டாலே சண்டைக்கு வருவார்கள். இன்னொரு கட்சிக்கு அவர் சைவ வேளாளர், அவ்வளவுதான். பிறப்பைச் சொன்னதும் தீர்ப்பு ரெடி. இரண்டு பேரிடமும் "எந்தக் கதையில், எந்த இடத்தில்?" என்று கேட்டுப் பாருங்கள், பேச்சு வேறு பக்கம் போய்விடும்.

ஆடிட்டிங் பேப்பரில் எங்களுக்குச் சொல்லித்தருவது ஒன்று உண்டு. கணக்கில் ஒரு பதிவு இருந்தால் அதற்கு வவுச்சர் காட்டு. முதலாளி யார் வீட்டுப் பிள்ளை என்பது வவுச்சர் ஆகாது. அவர் ரொம்ப நல்லவர் என்பதும் ஆகாது.

வவுச்சரோடு பேசியவர்களும் இருக்கிறார்கள். 1951இலேயே அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதியவர் தொ.மு.சி. ரகுநாதன். 2024இல் மறைந்த தலித் சிந்தனையாளர் ராஜ் கௌதமன் புதுமைப்பித்தனைப் பற்றித் தனிப் புத்தகமே எழுதினார். ஆ.இரா. வேங்கடாசலபதி 2000இல் கொண்டுவந்த பதிப்பில் எந்தக் கதை எந்த வருஷம், எந்தப் பத்திரிகையில் வந்தது என்ற விவரம் இருக்கிறது. எனக்கு அதுதான் வவுச்சர் ஃபைல். இவர்களோடு ஒத்துப்போக வேண்டியதில்லை, ஆனால் சண்டை போட முடியும்.

இப்போது என் சொந்த விஷயம். நான் காலனிப் பையன். 'துன்பக்கேணி' படித்தபோது எங்கள் சனத்தைப் பற்றி அவர் எழுதுகிற தொனி சில இடங்களில் சுருக்கென்று குத்தியது. புத்தகத்தை மூடி வைத்தேன். மறுநாள் திரும்ப எடுத்தேன். மருதியை இலங்கைத் தேயிலைத் தோட்டம் வரை துரத்தியது யார், அங்கே அவளைச் சீரழித்தது யார் என்பதற்கும் அதே கதைதான் சாட்சி. பற்று, வரவு இரண்டும் ஒரே பக்கத்தில் இருக்கிறது. ஒரு பக்கத்தை மட்டும் கூட்டினால் கணக்கு டேலி ஆகாது.

எங்கள் தெருவில் அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு கரும்பு வெட்டவும் சூளைக்கும் போகிற குடும்பங்கள் இன்றைக்கும் உண்டு. கங்காணி போய் மேஸ்திரி வந்திருக்கிறார். அந்தக் கதை எனக்குப் பழைய கதை இல்லை.

2014இல் சென்னைப் பல்கலைக்கழகம் 'துன்பக்கேணி', 'பொன்னகரம்' இரண்டையும் பாடத்திலிருந்து எடுத்தது. தலித்துகளை இழிவாகக் காட்டுகிறது என்று புகார். அப்போது நான் தொடக்கப்பள்ளி. புகார் சொன்னவர்களின் வலி பொய் என்று சொல்ல மாட்டேன், அதே வலி எனக்கும் இருந்தது. ஆனால் எடுத்ததால் என்ன கிடைத்தது? வகுப்பில் எழுந்து நின்று "சார், இந்த இடம் தப்பு" என்று சொல்லும் உரிமை என்னைப் போன்றவனுக்குத்தான் போனது. மற்ற பசங்களுக்கு அதைக் கேட்டுச் சங்கடப்படும் வாய்ப்பும் போனது. மன்னர் கட்சிக்கு ரொம்ப வசதி. கேள்வி கேட்க ஆளே இல்லை.

கடைசியாக ஒரு செய்தி. 1906இல் திருப்பாதிரிப்புலியூரில் பிறந்த அவர் சின்ன வயதில் படித்தது செஞ்சியிலும் கள்ளக்குறிச்சியிலும், ஆமாம் சாமி, எங்கள் திண்டிவனத்திலும்தான். அப்பா தாசில்தார், மாற்றல் ஆகிற இடமெல்லாம் பள்ளிக்கூடம். 1918இல்தான் திருநெல்வேலிக்குப் போனார்கள். 42 வயதில் காசநோயில் செத்துப்போன அந்த மனுஷனுக்கு நாங்கள் ஊர்க்காரர்கள் மாதிரி. ஊர்க்காரனுக்குத் திட்டவும் உரிமை உண்டு, கொண்டாடவும் உண்டு. படிக்காமல் இரண்டையும் செய்யத்தான் உரிமை இல்லை.

கேள்வித்தாள் எடுக்கும் ஐயாமார்களே, "கதையின் கருத்தை எழுதுக" வேண்டாம். "இந்தக் கதை உன்னை எங்கே குத்தியது, ஏன்?" என்று கேளுங்கள். நோட்ஸ் விற்பவர் பாடு திண்டாட்டம்தான், இருக்கட்டும்.

பி.கு.: 'பொன்னகரம்' கேள்விக்கு நான் வறுமை கொடியது என்று எழுதவில்லை. ஐந்துக்கு ஒன்றரை கிடைத்தது.