சாவி கிடைத்தது, சான்றிதழ் கிடைக்கவில்லை!

மும்பை நகரில் ஓர் அடுக்குமாடிக் கட்டிடம். அதில் உள்ள வீடுகளை விற்பதற்கு 1993-ம் ஆண்டு முதல் ஒப்பந்தங்கள் எழுதப்பட்டன. 1997-ம் ஆண்டில் பணம் கட்டியவர்கள் கையில் சாவி கொடுக்கப்பட்டது. எல்லோரும் குடியேறினார்கள்.

அதன் பிறகுதான் தொல்லை தொடங்கியது. முறைப்படி தண்ணீர்க் குழாய் கிடைக்கவில்லை. மின்சார இணைப்பும் கிடைக்கவில்லை. காரணம், அந்தக் கட்டிடத்துக்கு மாநகராட்சியின் சான்றிதழ் இல்லை!

அது என்ன சான்றிதழ்?

நகரத்தில் கட்டிடம் கட்டுவதற்கு முன்பு, பிளான் கொடுத்து அனுமதி வாங்க வேண்டும். இது பலருக்கும் தெரியும். கட்டி முடித்த பிறகு இன்னோர் அனுமதியும் வேண்டும்.

பிளானில் உள்ளபடி கட்டி இருக்கிறார்களா? சாக்கடை வசதி சரியாக இருக்கிறதா? தீப்பிடித்தால் மக்கள் தப்பி ஓட வழி இருக்கிறதா? இவற்றை எல்லாம் பார்த்து, "இனி ஆட்கள் குடியேறலாம்" என்று கொடுக்கும் சான்றிதழ் அது. சுருக்கமாக "ஓ.சி." என்பார்கள்.

பெயர்தான் ஓ.சி. அது இல்லாதவர்களுக்கு எதுவும் ஓசியில் கிடைக்காது!

மும்பைக் குடும்பங்களுக்குத் தற்காலிக இணைப்புதான் கிடைத்தது. அதற்குத் தண்ணீர்க் கட்டணம் ஒன்றரை மடங்கு. மற்றவர்கள் 100 ரூபாய் கட்டினால் இவர்கள் 150 ரூபாய் கட்டினார்கள். வீட்டு வரியோ 100 ரூபாய்க்கு 125 ரூபாய்!

தவறு யாருடையது?

மராட்டிய மாநிலத்தில் 1963-ம் ஆண்டிலேயே ஒரு சட்டம் வந்துவிட்டது. சான்றிதழ் இல்லாமல், கட்டியவர் வீட்டை ஒப்படைக்கக் கூடாது. வாங்கியவரும் அதை ஏற்கக் கூடாது என்று அது சொல்கிறது. சான்றிதழ் வாங்க வேண்டியது கட்டியவரின் பொறுப்பு. ஆனால் அவர் வாங்காமல் விட்டதற்குத் தண்டம் கட்டியவர்களோ, குடியிருந்தவர்கள்!

1998-ம் ஆண்டில் அவர்கள் மாநில நுகர்வோர் கமிஷனில் புகார் செய்தார்கள். 16 ஆண்டுகள் கழித்து, 2014-ல் உத்தரவு வந்தது. 4 மாதத்துக்குள் சான்றிதழ் வாங்கித் தர வேண்டும் என்று கமிஷன் கூறியது. அப்போதும் சான்றிதழ் வரவில்லை.

கூடுதலாகக் கட்டிய பணத்தைத் திருப்பித் தரக் கோரி, 2015-ல் தேசிய நுகர்வோர் கமிஷனுக்குப் போனார்கள். அவர்கள் கேட்ட தொகை 2 கோடியே 60 லட்சத்து 73 ஆயிரத்து 475 ரூபாய். 2018-ல் அந்தப் புகார் தள்ளுபடி ஆனது. "இரண்டு ஆண்டுக்குள் வந்திருக்க வேண்டும், கெடு தாண்டிவிட்டது" என்பது முக்கியக் காரணம்.

சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பு

வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. 2022-ம் ஆண்டு ஜனவரி 11-ந் தேதி நீதிபதிகள் சந்திரசூட், போபண்ணா ஆகியோர் தீர்ப்புக் கூறினார்கள். சான்றிதழ் வாங்கித் தராதது சேவைக் குறைபாடுதான். அது ஒரு நாளோடு முடிந்துபோன தவறு அல்ல, தொடர்ந்து நடக்கும் தவறு என்றார்கள்.

ஒருவர் நடக்கும் பாதையில் இன்னொருவர் முள்வேலி போடுகிறார். வேலி போட்டது ஒரு நாள்தான். ஆனால் வேலி இருக்கும் வரை ஒவ்வொரு நாளும் வழி அடைபடுகிறது அல்லவா? இதுவும் அப்படித்தான். ஆகவே கெடு தாண்டிவிட்டது என்ற பேச்சு எடுபடவில்லை.

ஆனால் பணம் உடனே கைக்கு வந்துவிடவில்லை. புகாரை மீண்டும் விசாரித்து 3 மாதத்தில் முடிக்கும்படி தேசிய கமிஷனுக்கு உத்தரவு போனது. 1997-ல் அந்தக் கட்டிடத்தில் ஒரு குழந்தை பிறந்திருந்தால், இந்தத் தீர்ப்பு வந்த ஆண்டில் அதற்கு 25 வயது!

இனி என்ன?

2024-ம் ஆண்டு டிசம்பர் 17-ந் தேதி, உத்தரப்பிரதேச மாநிலம் மீரட் நகர வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இன்னும் கண்டிப்பான உத்தரவு போட்டது. சான்றிதழ் பெற்ற பிறகே வீட்டை ஒப்படைப்பேன் என்று கட்டுபவர் உறுதிமொழி தர வேண்டும். சான்றிதழைப் பார்த்த பிறகே மின்சாரம், தண்ணீர், சாக்கடை இணைப்புக் கொடுக்க வேண்டும். கட்டிடத்தின் பேரில் பாங்கிகள் கடன் கொடுப்பதும் அப்படியே.

நல்ல உத்தரவுதான். ஆனால் இதிலும் ஓர் ஆபத்து உண்டு. கட்டியவர் ஏமாற்றிவிட்டால், இருட்டில் உட்காரப்போவது அவர் அல்ல. அவரை நம்பிக் குடியேறிய குடும்பம்தான்.

ஆகவே, பால் காய்ச்ச நாள் பார்க்கும் முன்பு, சான்றிதழைக் கண்ணால் பார்த்துவிட வேண்டும்!